கடைசி வரியில் கிடந்த எண்
(சங்கத்தின் ஞாயிறு கூட்டத்தில் ஆற்றிய உரை)

தொழில்நுட்ப வேலையில் இருப்பவர்கள் மற்றவர்களுக்குப் புரியும்படி பேசுவது எப்படி என்று சொல்லச் சொன்னார்கள். ஆங்கில உச்சரிப்பு, மேடைக் கூச்சம் பற்றியெல்லாம் நான் பேசப் போவதில்லை. ஒரே ஒரு ஸ்லைடைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

2003 ஜனவரி 16. கொலம்பியா விண்கலம் கிளம்பி ஏறத்தாழ 82 வினாடியில், வெளித்தொட்டியிலிருந்து ஒரு நுரைத் துண்டு பெயர்ந்து இடது இறக்கையில் மோதியது. கல்பனா சாவ்லா உட்பட 7 பேர் மேலே சுற்றிக்கொண்டிருக்க, கீழே பொறியாளர்கள் சேதத்தைக் கணக்கிட்டு நாசா அதிகாரிகளுக்கு பவர்பாயிண்டில் விளக்கினார்கள். அதில் ஒரு ஸ்லைடின் தலைப்பைப் படித்தால், பழைய சோதனைகளின்படி பயப்பட ஒன்றுமில்லை என்றே தோன்றும். அதன் கீழே புள்ளிக்குள் புள்ளியாகப் பல வரிகள். ‘குறிப்பிடத்தக்க’ என்ற பொருளில் வரும் ஆங்கிலச் சொல் மட்டும் 5 இடங்களில். எவ்வளவு என்று ஓரிடத்திலும் இல்லை.

கடைசியில் ஒரு சின்ன வரி: மோதிய துண்டு 1920 கன அங்குலம், சோதனையில் பயன்படுத்தியது 3 கன அங்குலம். அதாவது 640 மடங்கு! அந்தச் சோதனையை வைத்து இதைப் பற்றி ஒன்றும் சொல்ல முடியாது என்பதுதான் உண்மையான செய்தி. அதைத்தான் தலைப்பாகப் போட்டிருக்க வேண்டும்.

பிப்ரவரி 1 அன்று தரையிறங்கும் வழியில் விண்கலம் சிதறியது. ஏழு பேரும் இறந்தார்கள். ஸ்லைடு மட்டுமே காரணமில்லை. இறக்கையைப் படமெடுத்துப் பார்க்கலாம் என்று பொறியாளர்கள் கேட்டும் நடக்கவில்லை. ஆனாலும் விசாரணைக் குழு தன் அறிக்கையில் இந்த ஸ்லைடைத் தனியாக எடுத்துக் காட்டியது. இதைப் படிக்கும் மேலதிகாரிக்கு உயிராபத்து என்று புரியாமல் போவதில் வியப்பில்லை என்றது. எழுதியவர்கள் எதையும் மறைக்கவில்லை என்பதுதான் எனக்கு உறுத்துகிறது. “நாங்கள்தான் எழுதியிருந்தோமே” என்று நாமும் அலுவலகத்தில் எத்தனை முறை சொல்லியிருப்போம்!

இங்கேயே பாருங்கள். தண்ணீர் பரிசோதனை அறிக்கையை அப்படியே நோட்டீஸ் போர்டில் ஒட்டுகிறோம். டி.டி.எஸ். 500-க்குள் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் போகிறோம். 100 மில்லியில் ஈ.கோலை துளியும் இருக்கக் கூடாது என்ற வரி எங்கோ அடியில் இருக்கும். அடுத்த அறிக்கை வரும்போது, அதைப் படிக்கத் தெரிந்தவர் யாராவது ஒருவர், “குடிக்கலாம்” அல்லது “காய்ச்சாமல் குடிக்காதீர்கள்” என்று மேலே பெரிதாக எழுதி ஒட்டுங்கள். அட்டவணை அதற்குக் கீழே இருக்கட்டும். யார் எழுதுகிறீர்கள்? இப்போதே கை தூக்கினால் பெயரைக் குறித்துக்கொள்கிறேன்.