சூடு போட்ட சங்கமும் தச்சன் குவாமினாவும்

(பஞ்சாலைத் தொழிலாளர், விவசாயத் தொழிலாளர் படிப்பு வட்டத்தில் ஆற்றிய உரை)



போன கூட்டம் கலைந்து போகும்போது, ஸ்பின்னிங்கில் வேலை பார்க்கும் ஒரு தோழர் என் கையைப் பிடித்து நிறுத்தினார். ஞாயிறு தவறாமல் கோவிலுக்குப் போகிறவர். சங்கச் சந்தாவும் தவறாமல் கட்டுகிறவர். "ஏகாதிபத்தியத்தைப் பற்றிப் பேசும்போதெல்லாம் மிஷன்காரர்களையும் சேர்த்து அடிக்கிறீர்களே, தோழர்! என் பாட்டனைத் தெருவில் நடக்கவிடாத காலத்தில் அவனுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்தது யார்? பண்ணையாரா? மிஷன் பள்ளிக்கூடம்தானே?" என்று கேட்டார். பக்கத்தில் நின்ற ஒருவர் சிரித்தார். சிரிக்க வேண்டிய கேள்வி அல்ல அது. நியாயமான கேள்வி. அன்று நேரமில்லை, இன்று பதில் சொல்லுகிறேன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உங்கள் தெய்வத்தைப் பற்றிப் பேச நான் வரவில்லை. பிராடஸ்டண்ட் சபைகளின் கணக்குப் புஸ்தகத்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். போனஸ் சமயத்தில் முதலாளியின் வரவு செலவை நாம் எப்படிப் புரட்டிப் பார்க்கிறோமோ, அப்படிப் புரட்டிப் பார்ப்போம்.

திருநெல்வேலிச் சீமையில் நாசரேத், முதலூர், இடையன்குடிப் பக்கத்துத் தோழர்களுக்கு எஸ்.பி.ஜி. என்ற மூன்று எழுத்துத் தெரியும். சுவிசேஷம் பரப்புவதற்கென்று 1701-ல் லண்டனில் ஏற்பட்ட சங்கம் அது. இங்கிலாந்து ராஜாவின் சபையான ஆங்கிலிகன் சபையைச் சேர்ந்தது. காண்டர்பரி ஆர்ச்பிஷப்பே அதற்குத் தலைவர். கால்டுவெல் பாதிரியார் இடையன்குடியில் இருந்தது இந்தச் சங்கத்தின் ஊழியராகத்தான். நம் பக்கத்தில் அது பள்ளிக்கூடம் வைத்தது. நிஜம். ஆனால் நம் பக்கம் வருவதற்கு நூறு வருஷத்துக்கு முன்பே அதே சங்கம் வேறோர் இடத்தில் என்ன வைத்திருந்தது தெரியுமா? கரும்புத் தோட்டம். அடிமைகளோடு சேர்த்து!

மேற்கிந்தியத் தீவுகளில் பார்படோஸ் என்று ஒரு சின்னத் தீவு. அங்கே கிறிஸ்டபர் காட்ரிங்டன் என்ற துரை 1710-ல் செத்துப் போனான். தன் இரண்டு தோட்டங்களையும் இந்தச் சங்கத்துக்கு உயில் எழுதி வைத்துவிட்டுப் போனான். ஒரு நிபந்தனை போட்டிருந்தான்: தோட்டத்தில் எப்போதும் 300 ஆப்பிரிக்க அடிமைகள் குறையாமல் இருக்க வேண்டும். சங்கம் வேண்டாம் என்று சொல்லவில்லை. ஏற்றுக்கொண்டு நடத்தியது. அடிமைகளின் மார்பில், மாட்டுக்குச் சூடு போடுவதுபோலப் பழுக்கக் காய்ச்சிய இரும்பால் எழுத்துப் பொறித்தார்கள். என்ன எழுத்து? 'சொசைட்டி'. சங்கம் என்று அர்த்தம்! ஓடிப்போனால் யார் சொத்து என்று தெரிய வேண்டுமல்லவா? நாமும் சங்கம் என்கிறோம், அவர்களும் சங்கம் என்றார்கள். சொல் ஒன்றுதான்.

1740 வாக்கில் அந்தத் தோட்டத்துக்குப் புதிதாக வாங்கி வந்த ஆட்களில் பத்துக்கு நாலு பேர் மூன்று வருஷத்துக்குள் செத்துக்கொண்டிருந்தார்கள். 1760-ல் ஆர்ச்பிஷப் தாமஸ் செக்கர் ஒரு கடிதம் எழுதினார். நம் தோட்டங்களில் ஆட்கள் குறைந்துகொண்டே போகிறார்களே, மறுபடி மறுபடி வாங்க வேண்டியிருக்கிறதே என்று அதில் ஆச்சரியமும் வருத்தமும் தெரிவித்தார். பஞ்சுத் தூசியை மூச்சில் இழுத்து இருமுகிறவனைப் பார்த்து, "இவன் ஏன் அடிக்கடி லீவு போடுகிறான்?" என்று அதிசயப்படுகிற மானேஜரை உங்களுக்குத் தெரியும். அந்த ஜாதி ஆச்சரியம்தான் இது.

சரி, அடிமைகளுக்கு வேதத்தையாவது ஒழுங்காகக் கொடுத்தார்களா? 1807-ல் லண்டனில் அவர்களுக்கென்றே ஒரு வேதப் புஸ்தகம் அச்சடித்தார்கள். லண்டன் பிஷப்பின் கீழ் இருந்த ஒரு சபைச் சங்கத்துக்காக அச்சானது. பழைய ஏற்பாட்டில் பெரும் பகுதியை அதில் வெட்டி எறிந்துவிட்டார்கள். கோவிலுக்குப் போகிற தோழர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை: செங்கல் அறுத்துச் செத்த அடிமை ஜனங்களை மோசே பார்வோனிடமிருந்து மீட்டுக்கொண்டு போன கதை யாத்திராகமத்தில் வருகிறது. அந்தக் கதை இந்தப் புஸ்தகத்தில் கிடையாது! வேலைக்காரர் எஜமானுக்குக் கீழ்ப்படிய வேண்டும் என்ற இடம் மட்டும் பத்திரமாக இருந்தது. எந்தப் பக்கம் ஆபத்தானது என்று தோட்ட முதலாளிக்கு நன்றாகத் தெரிந்திருந்தது.

அந்தப் பக்கத்தை அடிமைகள் எப்படியோ தெரிந்துகொண்டார்கள். அதைத்தான் இன்று கொஞ்சம் விரிவாகச் சொல்ல ஆசைப்படுகிறேன்.

தென் அமெரிக்காவின் வடகரையில் டெமராரா என்ற பிரிட்டிஷ் காலனி. இன்று அது கயானா. 1817-ல் ஜான் ஸ்மித் என்ற இளம் பாதிரி அங்கே போய் இறங்கினார். பிஸ்கோத்துச் சுடும் கடையில் வேலை பழகியவர். ஏழை வீட்டுப் பிள்ளை. அனுப்பியது லண்டன் மிஷன் சங்கம். அதே சங்கம்தான் 1818-ல் மீட் பாதிரியாரை நாகர்கோவிலில் கொண்டுவந்து வைத்தது. தென் திருவாங்கூரில் தோள்சீலைக்காக நம் பெண்கள் அடிபட்டபோது பக்கத்தில் நின்றவர்கள் அந்த மிஷன்காரர்கள். அதையும் நாம் மறைக்க வேண்டியதில்லை.

ஸ்மித்தை அனுப்பும்போது சங்கத்தின் டைரக்டர்கள் கையில் ஒரு உத்தரவையும் கொடுத்தனுப்பினார்கள். அடிமைகளுக்கு எஜமான் பேரிலோ தங்கள் நிலைமை பேரிலோ அதிருப்தி வரும்படி ஒரு வார்த்தைகூட, பொதுவிலும் தனியிலும், வாயிலிருந்து வரக்கூடாது! கப்பலை விட்டு இறங்கினால் கவர்னர் மரே இன்னோர் உத்தரவு வைத்திருந்தான். ஒரு அடிமைக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்தால் உடனே நாட்டைவிட்டு வெளியேற்றுவேன் என்றான்.

ஸ்மித் முடிந்தவரை அடங்கித்தான் நடந்தார். ஆபிரகாமுக்குத் தேவன் தேசத்தைக் கொடுப்பதாகச் சொன்ன பகுதி வந்தபோது, கேட்கிறவர்கள் வேறு அர்த்தம் எடுத்துக்கொள்வார்களோ என்று பயந்து அதைத் தாண்டிப் போனதாகத் தன் நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். ஆனால் அவருக்குக் காது இருந்தது. வயலில் விழும் சவுக்கின் ஓசை ஓயாமல் கேட்டது; அதையும் எழுதி வைத்தார். தஞ்சாவூர்ப் பண்ணையில் சவுக்கடியும் சாணிப்பாலும் கண்டவர்கள் இங்கே உட்கார்ந்திருக்கிறீர்கள். உங்களுக்கு நான் விவரிக்க வேண்டுமா?

அவருடைய பெத்தேல் கோவிலில் மூப்பராக இருந்தவர் குவாமினா. சக்சஸ் என்ற தோட்டத்தில் தச்சு வேலை செய்த அடிமை. அவர் மகன் ஜாக், பீப்பாய் செய்கிறவன். தோட்டத்தின் சொந்தக்காரர் லிவர்பூல் வியாபாரி ஜான் கிளாட்ஸ்டன். பிற்காலத்தில் நாலு தடவை பிரதம மந்திரியான கிளாட்ஸ்டனின் தகப்பனார். பக்திமான், லிவர்பூலில் சொந்தப் பணத்தில் கோவில் கட்டியவர். டெமராராவை அவர் கண்ணால் பார்த்ததே இல்லை. ஆனாலும் அடிமைகள் அவர் பெயரையே சுமந்தார்கள்: ஜாக் கிளாட்ஸ்டன்!

1823-ல் லண்டன் சர்க்கார், பெண்களைச் சவுக்கால் அடிக்கக்கூடாது, வயலில் சவுக்கு எடுக்கக்கூடாது என்று எழுதி அனுப்பியது. தோட்ட முதலாளிகள் அதை அமுக்கி வைத்தார்கள். அதற்கு முன்பே கவர்னர், எஜமான் கைச்சீட்டு இல்லாமல் அடிமை கோவிலுக்குப் போகக்கூடாது என்று கெடுபிடி செய்திருந்தான். "ராஜா விடுதலை கொடுத்துவிட்டார், இங்கே மறைக்கிறார்கள்" என்று பேச்சுப் பரவியது. ஆகஸ்ட் 18-ம் தேதி, பத்தாயிரம் பேருக்குமேல் எழுந்தார்கள். துப்பாக்கிகளைப் பிடுங்கினார்கள். துரைமார்களை, அதுவரை தங்களைப் பூட்டிய அதே தொழுமரத்தில் பூட்டினார்கள். கொல்லவில்லை. இத்தனை பெரிய கிளர்ச்சியில் செத்த வெள்ளையர் இரண்டு மூன்று பேர்தான். குவாமினா முதலிலிருந்தே, வேலையை நிறுத்துவோம், ரத்தம் வேண்டாம் என்று சொல்லிக்கொண்டிருந்தவர்.

மூன்றாம் நாள் ஒரு தோட்டத்தில் சுமார் இரண்டாயிரம் பேர் பட்டாளத்துக்கு எதிரே நின்றார்கள். என்ன வேண்டும் என்று கர்னல் லீஹி கேட்டான். வாரத்தில் மூன்று நாள் எங்களுக்காக உழைக்க வேண்டும், ஞாயிற்றுக்கிழமை கோவிலுக்குப் போக வேண்டும் என்றார்கள். கோரிக்கையைப் பார்த்தீர்களா? வேலை நாளும், ஓய்வு நாளும்! நம் சங்கத்தின் கோரிக்கைப் பட்டியலில் வருவதுதான். கர்னல் அரை மணி அவகாசம் கொடுத்தான். பிறகு சுடச் சொன்னான். அங்கேயும் மற்ற இடங்களிலும் இருநூறு பேருக்குமேல் விழுந்தார்கள். குவாமினாவை செப்டம்பர் 16-ல் சுட்டுக் கொன்று, சடலத்தைச் சங்கிலியில் கட்டி சக்சஸ் தோட்டத்துக்கு முன்னால் தொங்கவிட்டார்கள். தூக்கிலிட்டவர்களில் சிலரின் தலைகளை அறுத்துக் கம்பத்தில் நட்டார்கள்.

ஸ்மித் பாதிரியை ராணுவக் கோர்ட்டில் நிறுத்தினார்கள். சாட்சி என்ன? அவருடைய நாட்குறிப்பு. மோசே கதையைச் சொன்னார் என்பது. அவருக்காகச் சாட்சி சொன்ன ஆங்கிலிகன் பாதிரி ஆஸ்டின் என்ற ஒருவர் தன் உத்தியோகத்தை இழந்தார். தீர்ப்பு, தூக்கு. காசநோயோடு சிறையில் கிடந்த ஸ்மித், ராஜாவின் கருணை உத்தரவு கப்பலில் வந்து சேருமுன்பே, 1824 பிப்ரவரி 6-ல் செத்துப்போனார். பொழுது விடியுமுன் புதைத்தார்கள். பெண்சாதி பின்னால் நடந்து வரவும் அனுமதியில்லை. அதே 1824-ல் லண்டன் சர்க்கார் ஜமைக்காவுக்கும் பார்படோஸுக்கும் சம்பளம் கொடுத்து இரண்டு பிஷப்புகளை நியமித்தது. அடிமைகளுக்கு முறையான போதனை வேண்டுமாம்!

போதனை பலிக்கவில்லை. 1831 கிறிஸ்துமஸ் சமயத்தில் ஜமைக்காவில் வேலைநிறுத்தம் கிளம்பியது. முன் நின்றவர் சாம் ஷார்ப், பாப்டிஸ்ட் சபையில் மூப்பர். அவரையும் 1832-ல் தூக்கில் போட்டார்கள். மறு வருஷமே அடிமை ஒழிப்புச் சட்டம் வந்தது. பார்லிமெண்டில் நல்லவர்கள் பேசியதால் வந்தது என்று பள்ளிப் பாடம் சொல்லும். பேசினார்கள், உண்மை. ஆனால் தீப்பற்றி எரிந்த கரும்புக் காடும் அங்கே பேசியது.

இப்போது கணக்குக்கு வாருங்கள். சட்டம் 2 கோடி பவுன் நஷ்ட ஈடு கொடுத்தது. அந்தக் காலத்துப் பிரிட்டிஷ் சர்க்காரின் வருஷச் செலவில் பத்தில் நாலு பங்கு. யாருக்கு? அடிமைக்கு ஒரு தம்பிடி இல்லை. அடிமையை இழந்த எஜமானுக்கு! எஸ்.பி.ஜி. சங்கம் 411 பேருக்காக 8,823 பவுன் வாங்கிக்கொண்டது. எக்ஸிடர் பிஷப் பில்பாட்ஸ், ஒரு பிரபுவின் சொத்துக்கு டிரஸ்டியாக, கூட்டாளிகளோடு 665 பேருக்காக 12,700 பவுன் வாங்கினார். ஜான் கிளாட்ஸ்டனுக்கு லட்சம் பவுனுக்குமேல். 'விடுதலையான' ஜனங்களோ 1838 வரை அதே தோட்டத்தில், பயிற்சித் தொழிலாளி என்ற பெயரில், வாரத்தில் 45 மணி நேரம் கூலியில்லாமல் வெட்டினார்கள்.

1838-ல் அவர்கள் கரும்புக் கத்தியைக் கீழே போட்டால், யார் எடுப்பது? இங்கேதான் நம் கதை வந்து சேருகிறது, தோழர்களே. அந்த வருஷம் மே மாதம், கிளாட்ஸ்டன் ஏற்பாட்டில், விட்பி, ஹெஸ்பரஸ் என்ற இரண்டு கப்பல்கள் கல்கத்தாவிலிருந்து டெமராரா சேர்ந்தன. உள்ளே இருந்தவர்கள் இந்தியக் கூலிகள். பிறகு சென்னைத் துறைமுகத்திலிருந்தும் ஆட்கள் போனார்கள். 1860-ல் ட்ரூரோ கப்பல் சென்னையிலிருந்து நம் ஜனங்களை நேட்டால் கரும்புக்குக் கொண்டுபோய் இறக்கியது. அடிமை போன இடத்துக்கு ஒப்பந்தக் கூலி.

ஸ்பின்னிங் தோழர் கேட்டதற்கு வருகிறேன். உங்கள் பாட்டனுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்தது மிஷன்தான். மறுக்கவில்லை. அந்த எழுத்தைச் சொல்லிக் கொடுக்காதே என்று கவர்னர் மிரட்டினான். அதிருப்தி வராமல் சொல்லிக் கொடு என்று டைரக்டர்கள் எழுதினார்கள். வேண்டாத பக்கத்தைக் கிழித்துக் கொடு என்றது பிஷப்பின் சங்கம். இத்தனையையும் மீறி அதை உபயோகித்தவர் தச்சன் குவாமினா. சபை என்று நீங்கள் சொல்லும்போது எனக்கு பிஷப் பில்பாட்ஸும் தெரிகிறார், குவாமினாவும் தெரிகிறார். இருவரும் ஒரே வேதத்தைத்தான் கையில் வைத்திருந்தார்கள். ஒருவர் நஷ்ட ஈடு வாங்கினார்; ஒருவர் சங்கிலியில் தொங்கினார். மிஷன்காரர்களை நான் மொத்தமாகச் சேர்த்து அடித்திருந்தால், அது பிசகு, திருத்திக்கொள்கிறேன். தோட்டச் சொந்தக்காரர்களை அடித்ததைத் திருத்த முடியாது.

இங்கிலாந்து சபை 2006-ல் தன் மகாசபையில் காட்ரிங்டன் தோட்டத்துக்காக மன்னிப்புக் கேட்டது. எஸ்.பி.ஜி.யின் வாரிசுச் சங்கம் 2023-ல் பார்படோஸில் 70 லட்சம் பவுன் செலவிடுவதாக அறிவித்தது. எஜமான்களுக்கு நஷ்ட ஈடு கொடுக்க வாங்கிய கடனின் பாக்கியை பிரிட்டிஷ் சர்க்கார் 2015-ல்தான் தீர்த்தது. நூற்று எண்பது வருஷம்! அத்தனை காலமும் அந்த நாட்டுத் தொழிலாளியின் வரிப்பணமும் அதில் சேர்ந்து போயிருக்கிறது.

கயானாவின் தலைநகர் ஜார்ஜ்டவுனில் கவர்னர் மரேயின் பெயரில் ஒரு தெரு இருந்தது. 1985-ல் பெயரை மாற்றினார்கள். இப்போது அது குவாமினா தெரு.