அந்தச் சுரங்கத் தொழிலாளிக்குக் கைதட்டுங்கள்



நான் பேச வந்தது ஓர் உலையைப் பற்றி. மாகோ உலை! ஆகா, பெயரைச் சொன்னதும் பின்வரிசையிலே விசில் பறக்கிறது. பறக்கட்டும். முன்வரிசைப் பெரியவர்களுக்காகக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன். 1997 ஜனவரி 31. ஜப்பானிலே ஸ்கொயர் என்ற நிறுவனம் ஒரு வீடியோ விளையாட்டை வெளியிட்டது. ஃபைனல் ஃபேன்டஸி 7. உலகமெங்கும் கோடிக்கு மேல் விற்றது. அதிலே மிட்கார் என்று ஒரு மாநகரம். சுற்றிலும் எட்டு உலைகள். நடுவிலே ஷின்ரா மின் நிறுவனத்தின் மாளிகை. அந்த உலைக்குப் போடுவது நிலக்கரியா? இல்லை. எண்ணெயா? இல்லை. பூமியின் உயிர்! இறந்தவர்களின் உயிரெல்லாம் மண்ணுக்குள்ளே ஒரே வெள்ளமாக ஓடுகிறது, புதிய உயிர் அதிலிருந்துதான் பிறக்கிறது. அந்த வெள்ளத்தைத்தான் அந்த உலை உறிஞ்சுகிறது. உறிஞ்சி, நகரத்துக்கு விளக்குப் போடுகிறது.

இந்தத் தலைப்பைக் கேள்விப்பட்டு, "பிள்ளைகள் விளையாட்டுக்கு இலக்கிய மேடையிலே என்ன வேலை?" என்று சிலர் கேட்டார்களாம். பெயர் சொல்ல மாட்டேன். அவர்கள் இந்த ஊர்க்காரர்கள், நம்மவர்கள். ஆனால் பதில் சொல்லாமல் விடமாட்டேன். ஃபைனல் ஃபேன்டஸி விளையாட்டுத் தொடரைப் படைத்த சகாகுச்சி தன் தாயைப் பறிகொடுத்தவர். அம்மா எங்கே போனாள், உயிர் என்றால் என்ன என்று தவித்த தவிப்பிலிருந்து பிறந்ததுதான் அந்த உயிர் வெள்ளம். தாயை இழந்த பிள்ளையின் தவிப்பு இலக்கியம் இல்லையா? பிறகு எதை இலக்கியம் என்பீர்கள்? விருது வாங்கினால்தான் இலக்கியமா? தட்டுங்கள், இன்னும் பலமாகத் தட்டுங்கள், அவர்கள் வீடு பக்கத்துத் தெருவிலேதான் இருக்கிறது!

எங்கே விட்டேன்? மிட்கார். அந்த நகரம் ஒரு மாபெரும் இரும்புத் தட்டின் மேலே இருக்கிறது. தட்டின் மேலே வசதியானவர்கள், தட்டின் கீழே குடிசைகள். கீழே இருப்பவனுக்கு வானமே இல்லை ஐயா! வெயில் விழாத மண்ணிலே புல் முளைக்காது. ஆனாலும் ஓர் இடிந்த தேவாலயத்திலே பூக்கள். அங்கே ஒரு பெண்பிள்ளை அந்தப் பூவை எடுத்துப்போய்த் தெருவிலே விற்கிறாள். என்னை இன்றைக்கும் உறுத்துவது வேறொன்று. அந்த நகரத்தின் பகுதிகளெல்லாம் ஒரு காலத்திலே தனித்தனி ஊர்கள். ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் இருந்தது. இப்போது ஒருவருக்கும் நினைவில்லை. ஐந்தாம் பகுதி, ஏழாம் பகுதி, அவ்வளவுதான். விளக்கு வந்தது, ஊர்ப்பெயர் போய்விட்டது!

இந்தக் கதையிலே வாளைத் தூக்கிக்கொண்டு ஒரு நாயகன் வருகிறான். தம்பிமார்கள் அவன் படத்தைச் சட்டையிலே போட்டிருக்கிறார்கள், பார்க்கிறேன். என் நாயகன் அவன் அல்ல. என் நாயகன் ஒரு சுரங்கத் தொழிலாளி. தலைமுறை தலைமுறையாக நிலக்கரி வெட்டிய ஊர்க்காரன். உலை கட்ட வருகிறோம், ஊர் செழிக்கும் என்று ஷின்ரா நிறுவனத்தார் சொன்னார்கள். கூடப்பிறக்காத சகோதரன் போன்ற நண்பன் வேண்டாம் என்றான். இவன்தான் கட்டட்டும் என்று எடுத்துப் பேசினான். நம்பினான் ஐயா! பிறகு உலையிலே வெடிப்பு. பழி யார்மேல்? ஊர்மேல்! ஊரையே கொளுத்தினார்கள். பள்ளத்திலே தொங்கிய நண்பனின் கையைப் பிடித்துக்கொண்டிருந்தபோது சுட்டார்கள். நண்பன் விழுந்தான். இவனுடைய வலது கை போனது. எரிந்த ஊரிலிருந்து நண்பனின் குழந்தையைத் தூக்கிவந்து தன் மகளாக வளர்த்தான். இத்தனைக்கும் பிறகு ஒருநாள் ஊருக்குத் திரும்புகிறான். மிச்சமிருந்த ஊர்க்காரர்கள் அவனை அடிக்கிறார்கள். கையிருந்த இடத்திலே துப்பாக்கி பொருத்தியிருக்கிறவன், திருப்பி ஓர் அடி அடிக்கவில்லை!

கற்பனைதானே என்பீர்கள். அந்த விளையாட்டு வந்த அதே 1997, மார்ச் 30. ஜப்பானின் கியூஷு தீவிலே மீய்க்கே நிலக்கரிச் சுரங்கத்தை இழுத்து மூடினார்கள். 1963இல் ஒரே வெடிப்பிலே 458 தொழிலாளர்களை விழுங்கிய சுரங்கம் அது! சுரங்கம் போலவே உலையும் நிஜம்தான், ஃபுகுஷிமாவை எடுத்துக்கொள்ளுங்கள். 2011இலே விபத்துக்குள்ளான அந்த அணு உலைகள் யாருடையவை? டோக்கியோ மின் நிறுவனத்துடையவை. மின்சாரம் போனது எங்கே? டோக்கியோ பக்கம். ஊரைக் காலி செய்துவிட்டு ஓடியது யார்? ஃபுத்தாபா என்ற சின்ன ஊர்! அந்த ஊர்க் கடைத்தெருவின் குறுக்கே, அணுசக்தியால் எதிர்காலம் ஒளிரும் என்ற பொருளிலே ஒரு பெரிய பலகை நின்றது. வாசகம் எழுதியவன் ஆறாம் வகுப்புச் சிறுவன். பிள்ளை நம்பி எழுதினான். வளர்ந்து பெரியவனாகி, அதே ஊரை விட்டு வெளியேறினான். 2015இலே பலகையைக் கழற்ற வந்தபோது, கழற்றாதீர்கள், அது அங்கேயே நிற்கட்டும் என்று போராடியவனும் அவனேதான்.

அந்தச் சுரங்கத் தொழிலாளியும் பலகை வாசகம் எழுதிய இந்தச் சிறுவனும் ஒரே ஆள் ஐயா! முதலில் ஆமாம் சொன்னவர்கள், பிறகு அந்த ஆமாமைத் தலையிலே சுமந்தவர்கள். வேண்டாம் என்று முதலிலேயே சொன்னவனுக்குச் சிலை வைக்க ஆயிரம் பேர் வருவார்கள். நம்பி ஏமாந்து, பிறகு எழுந்து நின்றவனுக்கு யார் மாலை போடுவது?

நேரமாகிவிட்டது என்று சீட்டு வருகிறது. ஒரே ஒரு வேண்டுகோள். தம்பிமார்களே, அடுத்த ஆண்டு விழாவிலே இந்தக் கதையை நாடகமாகப் போடுங்கள். வாள்வீரனை ஓரமாக நிறுத்துங்கள். சுரங்கத் தொழிலாளி வேடத்துக்கு நல்ல கனத்த குரல் உள்ளவனாகப் பாருங்கள். ஊர்க்காரர்கள் அடிக்கிற அந்தக் காட்சியை மட்டும் சுருக்கிவிடாதீர்கள்.