புன்னையும் நம் திருக்கோயிலும்

(மூக்கண்டப்பள்ளியில் பாலாலய நாளன்று நிகழ்த்திய சொற்பொழிவு)



கும்பாபிஷேகத்தை எதிர்நோக்கும் இவ்வேளையில் பேசுதற்குப் பெரும் பொருள்கள் பல இருக்க, அடியேன் ஒரு மரக்கன்றைப் பற்றிப் பேச வந்துள்ளேன். திருமயிலையைத் தரிசித்துத் திரும்பிய அன்பர் ஒருவர் புன்னைக் கன்று ஒன்றைக் கொணர்ந்து, நம் பிரகாரத்தில் நடவேண்டும் என்றார். கடற்கரை மரம் ஓசூர்க் குளிரில் பிழைக்குமா என்று பலர் ஐயுற்றனர்.

ஐயம் நியாயமானதே. புன்னை நெய்தல் நிலத்து மரம். அதன் உருண்டைக் காய் கடலில் மிதந்து சென்று, கரையொதுங்கிய இடத்தில் முளைக்கும். உப்புக் காற்று அதற்குப் பகையன்று. ஆண்டு முழுதும் பசுமை மாறாத, எண்ணெய் பூசினாற்போன்ற இலை, வெள்ளிய இதழ்களின் நடுவே பொன்னிற மகரந்தத் தாள்கள், நல்ல மணம். மயிலையில் அம்பிகை மயிலுருக் கொண்டு இறைவனைப் பூசித்தது புன்னையடியில்தான் என்பது தல வரலாறு. பூம்பாவையை விளித்துச் சம்பந்தப் பெருமான் அருளிய பதிகமும் புன்னையைச் சொல்லித்தான் தொடங்குகிறது.

ஆயினும் கடலைக் காணாத தலங்களிலும் புன்னை உண்டு. திருவரங்கத்தில் சந்திர புஷ்கரிணியின் பக்கத்தே நிற்கும் தல விருட்சம் புன்னை. சங்கரநயினார் கோயிலுக்குப் புன்னைவனம் என்றே ஒரு பெயர். அவை வெப்பம் மிகுந்த ஊர்களாயிற்றே என்பீர்கள். நம் ஊர் கடல் மட்டத்திற்கு ஏறக்குறைய 900 மீட்டர் மேலே இருக்கிறது. அதே உயரமும் அதே குளிர்ச்சியும் உள்ள பெங்களூரில் புன்னை வளர்கிறதே! கன்னடர் அதனைச் சுரஹொன்னெ என்பர். தெலுங்கர் பொன்ன என்பர். மும்மொழியும் வழங்கும் நம் ஊரில் அது அயலார் வீட்டுப் பிள்ளையன்று.

அதற்கு ஆகாதது உறைபனி. நமக்கு மார்கழி வாடை உண்டேயன்றி உறைபனி இல்லை. குளிரில் வளர்ச்சி மந்தமாகும், அவ்வளவே. முதல் மூன்று மார்கழிகளில் வடபுறம் ஓலைத் தட்டி கட்டுக. இறுகிய செம்மண்ணாதலின் குழியை அகலமாக வெட்டி, மணலும் மக்கிய எருவும் கலந்திடுக. கோடையில் நீர் தவறலாகாது. விதையிட விரும்புவோர் ஓட்டை நீக்கி இட்டால் மூன்று வாரத்தில் முளை காணலாம்; ஓட்டோடு இட்டால் இரண்டு மாதமும் ஆகலாம். பருப்பிலிருந்து எடுக்கும் எண்ணெய் விளக்கெரிக்க உதவும், உண்ணத் தகாதது.

நற்றிணையின் 172-ஆம் பாட்டில் ஓர் அருமையான செய்தி வருகிறது. சிறுமியர் விளையாட்டாக வெண்மணலில் அழுத்திய புன்னை விதையை மறந்துவிட்டனர். அது முளைவிட்டது. நெய் கலந்த பால் வார்த்து வளர்த்தனர். இது உங்கள் உடன்பிறந்தவள், உங்களினும் சிறந்தவள் என்றாள் அன்னை. பின்னாளில் தலைவன் வந்தபோது, உடன்பிறந்தவளின் முன்னே சிரித்துப் பேச நாணுகிறோம், வேறு நிழல் பார்ப்போம் என்கிறாள் தோழி. நம்மிடம் பாலும் நெய்யும் கேட்கவில்லை, தண்ணீர்தான் கேட்கிறோம்.

இனி என் உண்மையான கவலைக்கு வருகிறேன். பிரகாரம் முழுவதும் கருங்கல் பாவுவதாகத் திருப்பணித் திட்டம் கூறுகிறது. வேறோர் ஊரில், பெயர் வேண்டா, திருப்பணி என்ற பெயரால் பழமையான தல விருட்சத்தின் அடி வரை சிமெண்டு பூசினார்கள். சில ஆண்டுகளில் மரம் உச்சியிலிருந்து பட்டுவந்தது. பூசியவர்களும் பக்தர்களே, மேடையில் அவர்கள் பெயர் பொறித்த கல் இன்றும் இருக்கிறது. ஆகவே, நம் கன்றைச் சுற்றி எப்புறமும் எட்டடி மண்ணாகவே விடவேண்டும் என்று கைகூப்பிக் கேட்கிறேன். காய் உருண்டு கால் இடறாதபடி, வலம் வரும் வழியைவிட்டு விலக்கியே நடலாம்.

முதற்பூவுக்கு ஏழெட்டு ஆண்டு செல்லும். குழல்விளக்கு உபயமெனில் வெளிச்சத்தை மறைத்தாவது பெயரெழுத இடமுண்டு; இதற்கு அதுவும் இல்லை. பூக்கும்போது நம்மில் சிலர் இல்லாமற் போகலாம். ஆயினும் சிப்காட் ஆலைகளில் இரவு வேலை முடிந்து விடியலில் சந்நிதிக்கு வருகின்ற பிள்ளைகள் அந்த மணத்தை முகர்வார்கள்.

கன்று இப்போது மடைப்பள்ளியின் பின்புறம் சாக்கு நிழலில் இருக்கிறது. நேற்று இரண்டு இலை புதிதாக விட்டிருக்கிறது. கல் பாவுதல் தொடங்குவதற்கு முன் இடத்தை அளந்து கயிறு கட்டிவிட வேண்டும். நாளைக் காலை வரக்கூடியவர்கள் மண்வெட்டியோடு வாருங்கள்.