துப்பறியும் கதையும் சுஜாதாவும்



'துப்பு' என்னும் சொல்லை இன்று நாம் பெரும்பாலும் ஒரே பொருளில் வழங்குகிறோம். மறைந்து கிடக்கும் குற்றத்தை வெளிப்படுத்த உதவும் அடையாளமே துப்பு. பழந்தமிழில் வலிமை, உணவு முதலிய பொருள்களைத் தந்துநின்ற சொல் பின்னாளில் இப்பொருளையும் ஏற்றது. நான் வாழும் அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரத்திற்கு இச்சொல்லோடு பழைய உறவு ஒன்று உண்டு. முன்னாளில் இராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்திருந்து, 1985-இல் பிரிந்து, இன்று விருதுநகர் மாவட்டத்தில் அடங்கிய வறண்ட பூமி எங்களுடையது. வானம் பெய்தால் கண்மாய் நிறையும். பெய்யாவிட்டால் காடு காயும். அத்தகைய நிலத்தில் உழவனுக்கு உற்ற செல்வம் மாடே. களவு போன மாட்டை மீட்டுத் தருவதற்குத் 'துப்புக் கூலி' என்று ஒரு தொகை கொடுக்கும் வழக்கம் தென்பாண்டிச் சீமையின் வறண்ட பகுதிகளில் வெள்ளையர் ஆட்சிக் காலத்தில் இருந்தது. மாட்டை இழந்தவன் இடையாள் ஒருவனிடம் கூலி கொடுப்பான். சில நாட்களில் மாடு ஓரிடத்தில் கட்டிக் கிடக்கும். கூலி பெற்றவனும் களவாடியவனும் கூட்டாளிகளாக இருப்பதும் உண்டு!

இவ்வழக்கத்தில் துப்பு என்பது விலை கொடுத்து வாங்கும் செய்தி. வாங்குபவன் கேள்வி கேட்பதில்லை. இதற்கு நேர்மாறான மற்றொரு துப்பும் உண்டு. மண்ணில் பதிந்த குளம்படியைக் குனிந்து பார்த்து, மாடு எத்திசை சென்றது, ஒன்று சென்றதா இரண்டு சென்றனவா, உடன் நடந்த ஆள் செருப்பு அணிந்திருந்தானா என்று தன் அறிவினாலேயே கண்டுகொள்வது அது. நல்ல துப்பறியும் கதை என்பது இந்த இரண்டாம் வகைத் துப்பை வாசகன் கையில் கொடுப்பதாகும். தமிழில் அதனைச் செவ்வனே கொடுத்த ஒருவரின் எழுத்து வாழ்க்கையே இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள். அவர் சுஜாதா.

அவருக்கு முன்னரே தமிழில் துப்பறியும் கதைகள் மலிந்திருந்தன. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆரணி குப்புசாமி முதலியார், வடுவூர் துரைசாமி ஐயங்கார், ஜே. ஆர். ரங்கராஜு ஆகியோர் இத்துறையில் புகழ் பெற்றனர். ஆங்கில நாவல்களைத் தழுவி, அவற்றுக்குத் தமிழ் உடை உடுத்தும் முயற்சியே அந்நாளில் மிகுதி. பின்னர், தேவன் 'துப்பறியும் சாம்பு'வைப் படைத்து, அறிவில்லாதவன் தற்செயலாகத் துப்புத் துலக்குவதைக் காட்டி நம்மைச் சிரிக்க வைத்தார். தமிழ்வாணன் சங்கர்லாலை உலகமெங்கும் சுற்ற வைத்தார். இவர்கள் உழுத நிலத்தில்தான் சுஜாதா விதைத்தார் என்பதை நாம் மறத்தலாகாது.

சுஜாதாவின் இயற்பெயர் ரங்கராஜன். 1935-ஆம் ஆண்டு மே மாதம் 3-ஆம் நாள் சென்னைத் திருவல்லிக்கேணியில் பிறந்து, திருவரங்கத்தில் வளர்ந்தவர். திருச்சிராப்பள்ளித் தூய வளனார் கல்லூரியில் இயற்பியலும், குரோம்பேட்டையிலுள்ள சென்னைத் தொழில்நுட்பக் கல்லூரியில் மின்னணுவியலும் பயின்றார். இவ்விரு கல்லூரிகளிலும் ஏறத்தாழ அதே காலத்தில் பயின்றவர், எங்கள் பழைய இராமநாதபுரம் மாவட்டத்தின் கடற்கரையிலிருந்து சென்ற அப்துல் கலாம். சுஜாதா முதலில் நடுவண் அரசின் விமானப் போக்குவரத்துத் துறையிலும், பின்னர் பெங்களூரில் பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்திலும் பணி புரிந்தார். எழுத்து அவருக்குப் பிழைப்பன்று. அலுவலகம் சென்று திரும்பிய பின் கிடைத்த நேரத்திலேதான் அவர் எழுதினார்.

1962-இல் குமுதம் இதழில் அவர் கதை வெளிவந்தது. அவ்விதழின் ஆசிரியர் குழுவில் ரா. கி. ரங்கராஜன் என்ற எழுத்தாளர் ஏற்கெனவே இருந்தமையால், பெயர்க் குழப்பம் நேராதிருக்கத் தம் மனைவியின் பெயராகிய சுஜாதாவையே புனைபெயராகக் கொண்டார். 1968-இல் குமுதத்தில் 'நைலான் கயிறு' தொடராக வெளிவந்தது. கணேஷ் என்னும் பாத்திரம் தோன்றியது அக்கதையிலேதான். சில ஆண்டுகள் கழித்து வசந்த் என்ற இளைஞன் அவனுக்குத் துணையாக வந்து சேர்ந்தான்.

இங்கே ஒன்றைக் கூர்ந்து நோக்க வேண்டும். கணேஷ் காவல் துறையைச் சேர்ந்தவன் அல்லன். தனித் துப்பறிவாளனும் அல்லன். அவன் ஒரு வழக்கறிஞன். காவல் அதிகாரிக்கு ஐயம் எழுந்தால் ஒருவனைப் பிடித்து நிறுத்தி விசாரிக்கலாம். வழக்கறிஞனுக்கோ ஐயம் மட்டும் போதாது. "இவன்தான் கொலைகாரன்" என்று மனம் சொன்னாலும், நீதிபதியின் முன் எடுத்து வைக்கச் சான்று வேண்டும். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அச்சான்றைக் கிழித்துப் பார்ப்பார். கிழிபடாமல் நின்றால்தான் அது சான்று. தம் நாயகனை வழக்கறிஞனாக ஆக்கியதன் மூலம் சுஜாதா கதைக்குள்ளேயே ஒரு நீதிமன்றத்தை அமைத்துவிட்டார். வாசகனும் அங்கே ஒரு நீதிபதியாக அமர்கிறான்.

தொழில் ஒன்றில் இருந்துகொண்டே மர்மக் கதை எழுதிப் பெயர் பெற்றவர்கள் மேலைநாட்டிலும் உளர். அகதா கிறிஸ்டி முதல் உலகப் போரின்போது மருத்துவமனையின் மருந்தகத்தில் பணி செய்து நஞ்சுகளைப் பற்றி அறிந்தார். 1920-இல் வெளிவந்த அவருடைய முதல் நாவலிலேயே கொலைக் கருவி நஞ்சுதான். நம் காலத்து ஆங்கில மர்ம நாவலாசிரியர்களுள் தலைசிறந்தவராக மதிக்கப்பெற்ற பி. டி. ஜேம்ஸ் என்ற அம்மையாரின் வரலாறு இன்னும் உருக்கமானது. போரிலிருந்து திரும்பிய கணவர் மனநோயுற்றார். இரண்டு பெண் மக்களைக் காக்கும் பொறுப்பு அம்மையார் மேல் விழுந்தது. மருத்துவமனை நிருவாகத்தில் வேலை பார்த்துக்கொண்டே, விடியற்காலையில் எழுந்து எழுதினார். முதல் நாவல் 1962-இல் வெளிவந்தபோது அவருக்கு வயது 42. பின்னர் உள்துறை அமைச்சகத்தில் பணியாற்றிப் பெற்ற அனுபவமும் அவர் கதைகளுக்கு உரமாயிற்று. 2014-இல் 94-ஆம் வயதில் மறையும்வரை அவர் புகழ் குன்றவில்லை. எழுத நேரமில்லை என்று சொல்லும் நண்பர்கள் இவ்வரலாற்றைச் சற்றே சிந்திப்பார்களாக.

வாரந்தோறும் தொடர்கதை எழுதுவது எளிய செயலன்று. ஒவ்வொரு வாரமும் வாசகன் மூச்சைப் பிடித்துக்கொள்ளும் இடத்தில் நிறுத்த வேண்டும். அதே வேளையில் இறுதியில் வரவிருக்கும் விடைக்குரிய தடயத்தை முன்னதாகவே ஓர் ஓரத்தில் போட்டு வைக்கவும் வேண்டும். 'ஆ!' என்ற பெயரில் ஆனந்த விகடனில் அவர் எழுதிய தொடரின் ஒவ்வொரு பகுதியும் 'ஆ' என்ற கூவலுடனேயே முடியும். அத்தகைய கட்டுப்பாட்டைத் தமக்குத் தாமே விதித்துக்கொண்டு விளையாடினார் அவர்.

அருப்புக்கோட்டையில் அக்கதைகள் படிக்கப்பட்ட விதத்தை நான் கண்டிருக்கிறேன். இதழ் ஒன்றே வரும், படிப்பவர் பலர். தறி ஓடும் தெருக்களில் ஒரு வீட்டிலிருந்து மறு வீட்டிற்கு அது கைமாறும். தொடர் முடிந்ததும் அந்தப் பக்கங்களை மட்டும் பிரித்தெடுத்து, ஊசி நூலால் தைத்து, காக்கி அட்டை போட்டு வைத்துக்கொள்வார்கள். அடுத்த வாரம் வருமுன், "கொன்றவன் யார்?" என்ற வழக்கு தேநீர்க் கடையில் நடைபெறும். வெறுமனே ஒரு பெயரைச் சொல்பவனை எவரும் மதிப்பதில்லை. "எதைக் கொண்டு சொல்கிறாய்?" என்பதே அங்கு எழும் முதற் கேள்வி. பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டவர்களும் அக்கேள்வியைக் கேட்கப் பழகினார்கள்.

இக்கேள்வியின் அருமையைக் காட்ட 'கொலையுதிர் காலம்' என்ற நாவலைச் சொல்லலாம். 1981-இல் தொடராக வந்தது அது. பெருஞ்செல்வத்திற்கு உரியவளாகிய இளம்பெண் ஒருத்தி. இருளில் தோன்றி மறையும் ஓர் உருவம். அதனைத் தொடரும் கொலைகள். அது பேயா, ஒளியைக் கொண்டு வெறுவெளியில் முப்பரிமாண உருவம் காட்டும் அறிவியல் நுட்பமா? கணேஷ் ஒரு பக்கமும் வசந்த் ஒரு பக்கமும் நின்று வழக்காடுகின்றனர். முடிவை நான் சொல்லப் போவதில்லை. மர்மக் கதையின் முடிவைச் சொல்லுதல் அறமன்று! ஆனால் ஆசிரியர் நம்மை நடத்தும் முறையைச் சொல்லலாம். பேய் என்று நம்புபவனை அவர் எள்ளுவதில்லை. நம்பாதவனை மெச்சுவதும் இல்லை. இருவரிடமும் சான்று கேட்கிறார்.

எங்கள் பக்கத்துக் கண்மாய்க் கரை ஒன்றில் இரவில் ஒளி தெரிகிறது என்று வதந்தி எழுகிறதாகக் கொள்வோம். அதனை நேரில் கண்டவர் யார்? கண்டவரா, கண்டவரிடம் கேட்டவரா? எத்தனை தொலைவில் நின்றார்? அன்று அவ்வழியே மின்விளக்குடன் சென்றவர் எவரேனும் உண்டா? அக்கரைக்கு ஆள் வராதிருந்தால் ஆதாயம் யாருக்கு? கடைசிக் கேள்வி சில வேளைகளில் மணல் அள்ளுபவனிடமோ மரம் வெட்டுபவனிடமோ நம்மைக் கொண்டு சேர்க்கும். வதந்தி என்பது மீண்டும் அந்தத் துப்புக் கூலிதான்; பிறன் கொடுப்பதைக் கேள்வியின்றி வாங்கிக்கொள்வது. இன்று கைப்பேசி வழியே நொடிக்கொரு செய்தி நம்மைத் தேடி வருகிறது. ஒருவனைத் திருடன் என்றும் பிள்ளை பிடிப்பவன் என்றும் சொல்லும் செய்தியை நம்பிக் கூட்டம் கூடி, குற்றமற்றவரை அடித்துக் கொன்ற கொடுமை 2018-இல் நம் நாட்டில் பல இடங்களில் நிகழ்ந்தது, தமிழ்நாட்டிலும் நிகழ்ந்தது. "எதைக் கொண்டு சொல்கிறாய்?" என்று அக்கூட்டத்தில் ஒருவன் உரக்கக் கேட்டிருந்தால் ஓர் உயிர் பிழைத்திருக்கலாம்.

சுஜாதாவின் எழுத்தில் குறையே இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. இதழின் அவசரத்தால் சில கதைகளின் முடிவு விரைந்து கட்டப்பட்டதாகத் தோன்றும். பெண்களைப் பற்றி வசந்த் அடிக்கும் கேலிகள் அந்நாளில் சிரிப்பைத் தந்திருக்கலாம், இன்று படிக்கும் மாணவியர்க்கு அவை கசக்கும், கசப்பதும் நியாயமே. நல்ல ஆசிரியரைப் படிக்கும்போதும் தேர்ந்து படிப்பதே சிறப்பு.

எனினும், சான்றின்மேல் அவருக்கிருந்த பற்று கதையோடு நிற்கவில்லை. 'ஏன்? எதற்கு? எப்படி?' என்ற தலைப்பில் வாசகர்களின் அறிவியல் ஐயங்களுக்கு ஜூனியர் விகடனில் விடை எழுதினார். அவர் பணியாற்றிய நிறுவனத்தில், மின்னணு வாக்குப்பதிவு எந்திரத்தை உருவாக்கும் பணியில் முதன்மையான பங்கு கொண்டார். அவ்வெந்திரம் 2004-ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் நாடெங்கும் பயன்பட்டது. அதன் மேலும் மக்கள் கேள்வி கேட்டனர். தம் வாக்கு எங்கே விழுந்தது என்பதை வாக்காளரே கண்ணால் காணும்படி தாள்சீட்டுக் கருவி இணைக்கப்பெற்று, 2019-இல் நாடு முழுவதும் வழக்கிற்கு வந்தது. சான்று கேட்பது ஐயுறுபவனின் குற்றமன்று. குடிமகனின் உரிமை என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு. 2008-ஆம் ஆண்டு பிப்ரவரி 27-ஆம் நாள் சுஜாதா மறைந்தார்.

துப்பறியும் கதை படித்தால் பாடம் கெடும் என்று பெரியோர் சிலர் கூறுவர். தேர்வுக்கு முதல் நாள் படித்தால் கெடத்தான் கெடும்! விடுமுறையில் படியுங்கள்; படிக்கும்போது கையில் ஒரு பென்சிலை வைத்துக்கொள்ளுங்கள். கடைசி அத்தியாயத்திற்கு முன் நூலை மூடிவிட்டு, குற்றவாளி என நீங்கள் கருதுபவர் பெயரையும், அதற்குரிய சான்றுகளையும் ஒரு தாளில் எழுதுங்கள். பெயர் தவறினாலும் கவலையில்லை. காரணம் எழுதப் பழகியவன், நாளை வாழ்க்கையில் ஒருவரைக் குற்றவாளி என்று சொல்லுமுன் அத்தாளை நினைத்துக்கொள்வான்.