மனம் எங்கே இருக்கிறது?

(சுந்தரபாண்டியபுரத்தில் விவசாயத் தொழிலாளர்களும் பீடித் தொழிலாளர்களும் கூடிய படிப்பு வகுப்பில் நிகழ்த்திய சொற்பொழிவு)



இன்றைய வகுப்புக்கு நாம் எடுத்துக்கொண்ட விஷயம் மனம். கூலி, ரேஷன், வாய்க்கால் தண்ணீர் என்று பேச வேண்டியது எவ்வளவோ இருக்க, மனோதத்துவம் எதற்கு என்று சிலர் நினைக்கலாம். மனம் என்றால் என்ன என்பது பண்டிதர்கள் பொழுது போக்கப் பேசும் கேள்வி அல்ல. அதற்கு நாம் என்ன பதில் வைத்திருக்கிறோம் என்பதைப் பொறுத்துத்தான், சித்தம் கலங்கிய ஒரு மனிதனை வைத்தியரிடம் அழைத்துப் போகிறோமா அல்லது சங்கிலியில் கட்டுகிறோமா என்பது தீர்மானமாகிறது. ஆகவே இது நம்முடைய கேள்வி.

சாரல் விழுந்துவிட்டால் சூரியகாந்தி பார்க்க நம் ஊருக்கும், அருவியில் குளிக்கக் குற்றாலத்துக்கும் ஜனங்கள் வந்து குவிகிறார்கள். குற்றால அருவியில் தலையைக் கொடுத்தால் பித்தம் தணியும், புத்தி தெளியும் என்பது நம் பக்கத்தில் நெடுநாளைய நம்பிக்கை. அதை நம்பி, மனம் பேதலித்த பிள்ளையைக் கைப்பிடித்து அழைத்து வரும் தாய் தகப்பன்மார் உண்டு. இதைக் கேலி செய்ய நாம் வரவில்லை. உடம்பும் மனமும் ஒன்றோடொன்று சேர்ந்தவை, உடம்பில் நீர் பட்டால் மனமும் மாறும் என்ற கருத்து அதற்குள் இருக்கிறது. அந்தக் கருத்து சரியானதே. அருவி நோயைத் தீர்க்கும் என்பதுதான் சரியல்ல. உடம்பு லேசாகும், பசிக்கும், தூக்கம் வரும். நோய் நோயாகவே இருக்கும்.

ஐரோப்பாவில் 19ம் நூற்றாண்டில் பைத்தியக்கார ஆஸ்பத்திரிகளில் இதே குளிர்ந்த நீரை வைத்தியம் என்ற பெயரால் பயன்படுத்தினார்கள். நோயாளியைக் கட்டி வைத்துத் தலையில் கொட்டினார்கள். சொன்னபடி கேட்காதவனுக்கு அதுவே தண்டனை. நீர் ஒன்றுதான். இங்கே பக்கத்தில் தாய் நிற்கிறாள். அங்கே காவலாள் நின்றான். இந்த வித்தியாசம் சின்ன வித்தியாசம் அல்ல.

வண்டியும் வண்டிக்காரனும்

மனம் என்றால் என்ன? பழைய பதில் இது: உடம்பு வண்டி, உயிர் வண்டிக்காரன். வண்டிக்காரன் எங்கிருந்தோ வந்து ஏறுகிறான், ஒரு நாள் இறங்கிப் போகிறான். கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் இதிலிருந்து என்ன விளைகிறது? ஒருவன் புத்தி தடுமாறினால், சொந்த வண்டிக்காரனைத் தள்ளிவிட்டு வேறொருவன் ஏறிக்கொண்டான் என்று பொருள் வருகிறது. அதாவது பேய். பேயை விரட்ட அடிக்க வேண்டும், பட்டினி போட வேண்டும், கட்டிப் போட வேண்டும். அடி விழுவது பேய்க்கு, வலிப்பது மனிதனுக்கு!

இதற்கு மறுப்பு மேல்நாட்டிலிருந்து வந்தது என்று எண்ண வேண்டாம். மணிமேகலையில் பல மதவாதிகள் தங்கள் தங்கள் கொள்கையைச் சொல்லும் இடத்தில் பூதவாதி என்று ஒருவர் வருகிறார். பூவையும் வெல்லக்கட்டியையும் மற்றவற்றையும் கூட்டினால், தனித்தனியாக அவற்றில் இல்லாத வெறி பிறக்கிறதல்லவா? அதுபோலப் பூதங்கள் கூடினால் உணர்வு பிறக்கிறது, கலைந்தால் போய்விடுகிறது என்பது அவர் வாதம். மனம் வெளியிலிருந்து வந்து ஏறியது அல்ல, பொருளின் சேர்க்கையில் பிறந்தது என்று இந்தத் தமிழ் மண்ணில் அன்றே பேசினார்கள்.

விஞ்ஞானம் அதை மேலும் துலக்கியது. கடும் ஜுரத்தில் மனிதன் பிதற்றுகிறான். தலையில் அடிபட்டவன் சொந்தப் பேரை மறக்கிறான். சர்ப்பகந்தி என்ற செடியின் வேர் மனநோயாளியின் கொந்தளிப்பைத் தணிக்கிறது என்று 1931லேயே வங்காளத்து வைத்தியர்கள் இருவர் எழுதினார்கள். 1952ல் பாரிஸ் நகர ஆஸ்பத்திரியில் குளோர்புரோமசின் என்ற மருந்தைக் கொடுத்துப் பார்த்தார்கள்; ஆண்டுக்கணக்காக அலறிக் கொண்டிருந்தவர்கள் அமைதியாக உட்கார்ந்து பேசினார்கள். மாத்திரைக்குப் பயந்து ஓடும் பேய் உண்டா? இல்லை. மாறியது மூளையின் வேலை.

கட்டை எண்ணும் பிள்ளை

அப்படியானால் மனம் என்பது மூளைதான், விஷயம் முடிந்தது என்று எழுந்து போய்விடலாமா? முடியாது, தோழர்களே. 19ம் நூற்றாண்டில் ஜெர்மனியில் கார்ல் வோக்ட் என்பவர், ஈரல் பித்தத்தைச் சுரப்பது போல மூளை சிந்தனையைச் சுரக்கிறது என்ற கருத்தைச் சொன்னார். மார்க்சும் எங்கெல்சும் இத்தகைய கொச்சைப் பொருள்முதல்வாதத்தை ஏற்கவில்லை. ஏன்?

இங்கே பீடித்தட்டை மடியில் வைத்திருக்கும் தாய்மாருக்கு இது சுலபமாகப் புரியும். பக்கத்தில் உட்கார்ந்த பிள்ளை எண்ணப் பழகுவது எப்படி? முதலில் தாய் உரக்க எண்ணுகிறாள், பிள்ளை கூடவே எண்ணுகிறது. பிறகு பிள்ளை தானாக உரக்க எண்ணுகிறது. பிறகு உதடு மட்டும் அசைகிறது. கடைசியில் உதடும் அசைவதில்லை. கணக்கு உள்ளேயே நடக்கிறது. இன்று அந்தப் பிள்ளையின் தலைக்குள் இருக்கும் கணக்கு, நேற்று இரண்டு பேருக்கு நடுவில் இருந்தது!

சோவியத் நாட்டின் மனோதத்துவ அறிஞர் வைகாட்ஸ்கி கண்ட உண்மை இதுதான். அவர் 1934ல், 37 வயதில், காசநோயால் இறந்தார். குழந்தையின் சிந்தனை முதலில் மனிதர்களுக்கு இடையே நடக்கிறது, பிறகே உள்ளே குடியேறுகிறது என்றார் அவர். பாவ்லோவும் வேறு வழியாக இதன் பக்கத்தில் வந்தார். மணியோசை கேட்டதும் நாய்க்கு எச்சில் ஊறுவதை அவர் காட்டியது எல்லோரும் அறிந்ததே. மனிதனுக்கு மணியோசை கூட வேண்டாம். புளியங்காய் என்று சொன்னால் போதும், நாவில் நீர் ஊறுகிறது. சொல்லைக் கொடுத்தது யார்? சமூகம்.

வைகாட்ஸ்கியின் தோழர் லூரியா 1931லும் 1932லும் உஸ்பெகிஸ்தான் கிராமங்களுக்குப் போனார். பனி பெய்யும் வடக்கே கரடியெல்லாம் வெள்ளை. இன்ன தீவு வடக்கே இருக்கிறது. அங்கே கரடி என்ன நிறம் என்று கேட்டார். எழுத்தறியாத விவசாயிகள், நாங்கள் பார்த்ததில்லை, பார்த்தவனைக் கேளுங்கள் என்ற தோரணையில் பதில் சொன்னார்கள். கொஞ்ச காலமே படித்த, கூட்டுப்பண்ணை வேலைகளில் ஈடுபட்டவர்கள் வெள்ளை என்றார்கள். மூளை அதே மூளை. வாழ்க்கை மாறியது, யோசிக்கும் விதமும் மாறியது. கிராமத்தானை இது மட்டம் தட்டுகிறது என்று சோவியத் நாட்டிலேயே எதிர்ப்பு கிளம்பியது. அந்த ஆராய்ச்சி முழுப் புத்தகமாக வெளிவர 1974 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. உண்மை என்றால், நமக்கு வேண்டியவர்கள் இடத்திலும் அது போராடித்தான் ஜெயிக்க வேண்டும்.

ஆகவே மனம் ஆவி அல்ல. வெறும் சதைத் துண்டின் சுரப்பும் அல்ல. மனிதரோடு மனிதராய் வாழும் மூளையின் வேலையே மனம். இதில் மூளையை மறந்தாலும் தவறு, மனிதரை மறந்தாலும் தவறு.

ஏர்வாடியின் சங்கிலி

இந்தத் தவறுக்கு விலை என்ன? 2001ம் ஆண்டு ஆகஸ்டு 6ந் தேதி. ராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடி. மனநோயாளிகளை வைத்திருந்த தனியார் விடுதியொன்றின் கொட்டகையில் விடியுமுன் தீப்பிடித்தது. 28 பேர் மாண்டார்கள். ஓடத் தெரியாமல் அல்ல, காலில் சங்கிலி.

அவர்களை அங்கே கொண்டுபோய் விட்டவர்கள் கல்நெஞ்சக்காரர்களா? இல்லை. வைத்தியம் எங்கே கிடைக்கும் என்று தெரியாதவர்கள். தெரிந்தாலும் கூலியை விட்டுப் போய்வர வழியில்லாதவர்கள். தர்காவைக் குறை சொல்வதும் நம் நோக்கம் அல்ல. அங்கே இந்துக்களும் முஸ்லிம்களும் ஆறுதல் தேடி வந்தார்கள். அந்த ஆறுதலைச் சுற்றிக் கொட்டகை போட்டுக் காசாக்கியவர்கள் வேறு. லைசென்ஸ் இல்லாமல் இப்படிப்பட்ட விடுதி நடத்தக் கூடாது என்று 1987லேயே சட்டம் செய்திருந்தார்கள். சட்டம் காகிதத்தில் இருந்தது. சங்கிலி காலில் இருந்தது. தீக்குப் பிறகுதான் அத்தகைய விடுதிகளை மூடினார்கள். 500க்கு மேற்பட்டோர் சர்க்கார் பராமரிப்புக்கு வந்தார்கள்.

கோயில் திண்ணையில் ஒரு பாடம்

இப்போது நம்மைச் சங்கடப்படுத்தும் ஒரு செய்தி. மறைக்காமல் சொல்கிறோம். தமிழ்நாட்டில் வேலாயுதம்பாளையம்புதூர் என்ற ஊரில் முத்துசாமி கோயில் இருக்கிறது. அங்கே தங்க வந்த கடும் மனநோயாளிகள் 31 பேரை 2000ம் ஆண்டில் டாக்டர்கள் கவனித்தார்கள். சராசரியாக ஆறு வாரம் தங்கினார்கள். மருந்து கிடையாது. ஆனால் நோய்க்குறிகள் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு குறைந்திருந்தன. 2002ல் பிரிட்டிஷ் மருத்துவப் பத்திரிகையில் இது வெளிவந்தது.

பார்த்தீர்களா, சாமி குணப்படுத்தியது என்பார்கள் சிலர். சும்மா புளுகு என்பார்கள் நம்மவர் சிலர். இரண்டும் அவசர வார்த்தை. அங்கே என்ன நடந்தது?  அடி இல்லை. விசேஷச் சடங்கும் இல்லை. காலையில் பூஜையில் கலந்துகொண்டார்கள். இடத்தைக் கூட்டினார்கள், செடிக்குத் தண்ணீர் விட்டார்கள். துணைக்கு வீட்டார் இருந்தார்கள். பைத்தியம் என்று யாரும் ஒதுக்கவில்லை. மனிதரோடு மனிதராய் வைத்தார்கள், மனம் கொஞ்சம் தேறியது. நாம் சொன்ன தத்துவத்துக்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா? அதே சமயம் ஐந்தில் ஒரு பங்குதான் குறைந்தது. மீதிக்கு என்ன செய்வது? மருந்து வேண்டும்.

இதைக் கோயிலுக்கு வெளியே செய்து காட்டியவர்களும் உண்டு. 1950களில் அமிர்தசரஸ் மனநோய் ஆஸ்பத்திரியில் டாக்டர் வித்யா சாகர், நோயாளியின் குடும்பத்தாருக்கு வளாகத்திலேயே கூடாரம் அடித்துக் கொடுத்தார். அவர்கள் கூடவே தங்கிக் கவனித்தார்கள். நோயாளிகள் சீக்கிரம் தேறி வீடு திரும்பினார்கள். நம் வேலூரிலும் அதே காலத்தில் குடும்பத்தோடு தங்க வைத்து வைத்தியம் செய்யும் முறை வந்தது. சென்னை கீழ்ப்பாக்கம் மனநோய் ஆஸ்பத்திரியின் தலைமைப் பொறுப்பில் 1961லிருந்து 1978 வரை இருந்த டாக்டர் சாரதா மேனன், தேறிவரும் நோயாளிக்கு மருந்தோடு வேலையும் வேண்டும் என்று வற்புறுத்தினார். மருந்தும் மனிதரும்! சூத்திரம் இதுதான்.

நாம் செய்ய வேண்டியது

சமூக அமைப்பு மாறினால் மனநோயே இராது என்று சொல்லும் தோழர்கள் இருக்கிறார்கள். அப்படியல்ல. கடன், வேலையின்மை, குடி, சாதி இழிவு, இவை மனத்தை நொறுக்குகின்றன. வருமானம் குறைந்தவர்களிடம் மனநோய் கூடுதல் என்று 2015-16ல் நடந்த தேசிய மனநல ஆய்வு கண்டது. ஆனால் எல்லா நாட்டிலும், பணக்காரன் வீட்டிலும் ஏழை வீட்டிலும் வரும் மனநோய்களும் உண்டு. நல்ல நாள் வரட்டும் என்று அவர்களைக் காக்க வைக்க நமக்கு உரிமை இல்லை. வயது வந்தவர்களில் சுமார் பத்தில் ஒருவருக்கு ஏதோ ஒரு மனநோய் இருக்கிறது என்கிறது அதே ஆய்வு. நோய்க்குத் தக்கபடி 100க்கு 70 முதல் 92 பேர் வரை வைத்தியமே இல்லாமல் இருக்கிறார்கள் என்றும் சொல்கிறது. இது சர்க்காரைக் கேட்க வேண்டிய கணக்கு.

கேட்க நம் கையில் ஆயுதம் இருக்கிறது. 2017ம் ஆண்டு மனநலப் பாதுகாப்புச் சட்டம், மனநோயாளியை எந்த விதத்திலும் சங்கிலியிடக் கூடாது என்கிறது. சர்க்கார் செலவில் வைத்தியம் பெறுவது அவருடைய உரிமை என்கிறது. 14416 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் இரவு பகல் எந்நேரமும் இலவசமாக யோசனை கிடைக்கும். மாவட்ட மனநலத் திட்டத்தின் டாக்டர் நம் பக்கத்து ஆஸ்பத்திரிக்கு எந்தக் கிழமை வருகிறார், மாத்திரை தவறாமல் இருக்கிறதா என்று நாம் கூட்டமாகப் போய்க் கேட்க வேண்டும். இல்லையென்றால் மனுக் கொடுக்க வேண்டும். மனு கிடப்பில் கிடந்தால் என்ன செய்வது என்பது உங்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

ஆனால் சர்க்காரால் மட்டும் முடியாத பாதி நம்மிடம் இருக்கிறது. நம் தெருவில் பகலிலும் பூட்டிக் கிடக்கும் அறை ஏதாவது இருக்கிறதா? கலியாணம் தடைப்படும், ஊர் சிரிக்கும் என்று ஒரு தாய் தன் மகளை உள்ளே வைத்திருக்கிறாளா? அந்த வீட்டுக்குப் போங்கள். உபதேசம் செய்யப் போக வேண்டாம். உட்கார்ந்து பேசப் போங்கள். ஆஸ்பத்திரிக்குப் போகும் நாளில் அந்தத் தாயின் தட்டிலுள்ள இலையை நாலு பேர் பங்கிட்டுச் சுற்றிக் கொடுங்கள், கூலி போகாது. மாத்திரை தின்று தேறி வருகிற பெண்ணைப் பழைய பேர் சொல்லிக் கூப்பிடாதீர்கள். பக்கத்தில் ஒரு இடம் விட்டு உட்கார வையுங்கள்.

மனம் எங்கே இருக்கிறது என்று கேட்டோம். பாதி தலைக்குள் இருக்கிறது, அதற்கு மருந்து உண்டு. மறுபாதி நமக்கு நடுவில் இருக்கிறது. அதற்கு மருந்து நாம்தான்.