வீட்டு நாயும் நாமும்

நாயும் அதனை வளர்ப்பவரும் கண்ணோடு கண் நெடிது நோக்கும்போது, ஈருடலிலும் ஆக்சிடோசின் என்னும் சுரப்பு மிகுவதாக ஜப்பானிய ஆராய்ச்சியாளர் 2015-இல் வெளியிட்டனர். தாயையும் சேயையும் பிணைப்பதில் அச்சுரப்புக்கும் பங்குண்டு. இதற்கோர் ஆராய்ச்சியும் வேண்டுமா என்று எங்கள் வீட்டு மணி கேட்கக்கூடும்! விடியலில் நான் கைத்தடியைத் தொட்டதும், எங்கிருந்தாலும் வாயிற்படியில் வந்து நின்று என் முகத்தையே பார்க்கும். அவ்வன்புக்கு ஈடாக ஆண்டுதோறும் கால்நடை மருந்தகத்தில் அதற்கு வெறிநோய்த் தடுப்பூசி போடுவிக்கிறேன். ஊசியைக் கண்டு அஞ்சுபவன் உடன்வரும் என் பேரன்தான். அந்நோயின் குறிகள் மனிதரிடம் தோன்றிவிட்டால் பிழைத்தல் அரிதினும் அரிது. ஆகவே, எந்த நாயாயினும், பல்லோ நகமோ பட்ட காயத்தைச் சோப்பிட்டு ஓடும் நீரில் 15 நிமிடம் கழுவுங்கள்; வீட்டாருக்கு அஞ்சி மறைக்காமல் அன்றே மருத்துவமனைக்குச் சென்று ஊசி போட்டுக்கொள்ளுங்கள்.