இசை வகுத்த தலைமையாசிரியர்



பள்ளி மணியோசையைக் கேட்டே வாழ்நாளைக் கழித்த எனக்கும் திரைப்பட இசைக்கும் என்ன தொடர்பு என்று நீங்கள் வினவலாம். இன்று நான் கூறப்போகும் இசைமேதையும் ஒரு கல்விக்கூடத்தின் தலைவராய் விளங்கியவர், அதுவே தொடர்பு. அவர் இத்தாலி நாட்டு நீனோ ரோட்டா.

1911-ஆம் ஆண்டு டிசம்பர் 3-ஆம் நாள் மிலான் நகரில் ரோட்டா பிறந்தார். பதினொரு வயதிலேயே, பலர் கூடிப் பாடும் சமய இசைநாடகம் ஒன்றை இயற்றினார். அது 1923-இல் அரங்கேறியது. பின்னர் அமெரிக்கா சென்று, பிலடெல்பியாவில் கர்ட்டிஸ் இசைக் கழகத்தில் பயின்றார். அதனோடு அமையாது, மிலான் பல்கலைக்கழகத்தில் இலக்கியப் பட்டமும் பெற்றார். இளமையிற் கிட்டிய புகழ் அவரது கல்வி வேட்கையைத் தணிக்கவில்லை.

1939-இல் தென் இத்தாலியின் கடற்கரை நகராகிய பாரியில் இசையாசிரியரானார். 1950 முதல் 1977 வரை அங்குள்ள இசைக் கல்லூரியின் தலைவராக இருந்தார். அதே காலத்தில்தான் அவருடைய திரைப்பட இசை உலகெங்கும் பரவியது. ஏறத்தாழ 150 படங்களுக்கு அவர் இசையமைத்தார். ஆயினும் கல்லூரியைக் கைவிட்டாரில்லை.

திரைப்பட இயக்குநர் பெல்லினியின் படங்களுக்கு 1952 முதல் தம் இறுதிக்காலம் வரை இசையமைத்தவர் இவரே. 1954-இல் வெளிவந்த ‘லா ஸ்த்ராதா’ என்னும் படத்தைக் கருதுங்கள். ஊர் ஊராகச் சென்று வித்தை காட்டும் முரடன் ஒருவன், தன்னுடன் வந்த ஏழைப் பெண்ணை வழியில் விட்டுச் செல்கின்றான். அவள் ஊதுகுழலில் வாசிக்கும் மெட்டு ஒன்று உண்டு. ஆண்டுகள் சில கழிந்தபின், துணி உலர்த்தும் வேறொரு பெண் அம்மெட்டை முணுமுணுக்கக் கேட்கின்றான். அவளை வினவியே, தான் கைவிட்டவள் இறந்ததை அறிகின்றான். இங்கே இசை கதைக்கு அணியாக மட்டும் நிற்கவில்லை. கதையையே அது நடத்துகின்றது.

மற்றொரு செய்தி. 1958-இல் ‘பார்ச்சூனெல்லா’ என்ற படத்தில் ரோட்டா விரைவும் வேடிக்கையும் கலந்து அமைத்த மெட்டு ஒன்றை, 1972-இல் ‘காட்பாதர்’ படத்தில் மெதுவாக ஒலிக்கச் செய்தார். கேட்டவர் நெஞ்சம் உருகிற்று. பழைய மெட்டு என்பது தெரியவந்ததும், ஆஸ்கார் பரிசுக்கான பரிந்துரையிலிருந்து அவ்விசை நீக்கப்பட்டது. எனினும் அப்படத்தின் இரண்டாம் பகுதிக்கு, கார்மைன் கொப்போலா என்பாருடன் இணைந்து, 1975-இல் அப்பரிசைப் பெற்றார். வேடிக்கை மெட்டினுள் ஒரு துயரப் பாடல் மறைந்திருந்ததை அவர் செவி அறிந்திருந்தது.

மாணவரிடத்தும் அவர் அவ்வாறே செவி சாய்த்தார். பிற்காலத்தில் புகழ்பெற்ற இசைக்குழு நடத்துநரான ரிக்கார்டோ மூட்டி, இளமையில் பாரியில் பியானோத் தேர்வு எழுந்தபோது நிகழ்ந்ததை நினைவுகூர்ந்துள்ளார். முழு மதிப்பெண் வழங்கிய ரோட்டா, அது அன்று வாசித்ததற்காக அன்று, நாளை வாசிக்கக்கூடியதற்காகவே என்ற கருத்துப்படக் கூறினாராம்.

இதைப் படித்த அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை. பல்லாண்டுகளுக்கு முன் 34 மதிப்பெண் பெற்ற சிறுவன் ஒருவனைத் தேர்ச்சியின்றி நிறுத்தினேன். ஒரு மதிப்பெண் கூட்டித்தருமாறு வகுப்பாசிரியர் வேண்டினார். விதி விதியே என்றேன். ஜூன் மாதம் பள்ளி திறந்தபோது அவன் வரவில்லை. நான் செய்தது விதிப்படி சரியே. ஆனால் அவன் வீட்டுக்கு ஆளனுப்பி அழைத்திருக்கலாம், அதனைச் செய்தேனில்லை.

ரோட்டா 1979-ஆம் ஆண்டு ஏப்ரல் 10-ஆம் நாள் உரோமையில் மறைந்தார். உங்களுள் சிலர் நாளை ஆசிரியராவீர்கள். விடைத்தாளைத் திருத்தி முடித்தபின், அதை எழுதிய பிள்ளையை ஒருமுறை எண்ணிப் பாருங்கள்.